நகம் வளர்கிற வேகத்தில்

நம் மொரீஷியஸ் பத்திரிகையின் போன இதழில் ‘நானோ மருந்து செய்யும் நம்மூர்ப் பெண்மணி’ என்று என்னைப் பற்றி அரைப் பக்கம் வந்தது. நான் மருந்து எதுவும் செய்யவில்லை. ஆறாத புண்ணின் மேல் போடுகிற ஒரு மெல்லிய விரிப்பைச் செய்யப் பல வருடமாக முட்டி மோதிக்கொண்டிருக்கிறேன், அவ்வளவுதான். திருத்தம் போடச் சொல்லி ஆசிரியருக்கு எழுதினேன். திருத்தம் வரவில்லை, ஒரு கட்டு வாசகர் கடிதம் வந்தது, ‘பதில் எழுதிக் கொடுங்கள்’ என்ற குறிப்போடு. எல்லாவற்றுக்கும் இடமில்லை. கையில் முதலில் அகப்பட்டவை இவை.

கேள்வி: நானோ, நானோ என்கிறார்களே, எவ்வளவு சின்னது அது? கண்ணால் பார்க்கிற ஏதாவது ஒன்றை வைத்துச் சொல்ல முடியுமா?
(ரோஸ் ஹில் வாசகி)

உங்கள் விரல் நகத்தைப் பாருங்கள் அம்மா. மாதத்துக்கு 3 மில்லிமீட்டர் போல வளர்கிறது. ஒரு மில்லிமீட்டரைப் பத்து லட்சம் பங்கு போட்டால் ஒரு பங்குதான் நானோமீட்டர். வகுத்துப் பார்த்தால் நகம் வளர்வது நொடிக்கு ஒரு நானோமீட்டரும் கொஞ்சமும். இந்தப் பதிலை நீங்கள் படிக்கத் தொடங்கியதிலிருந்து பத்துப் பன்னிரண்டு நானோமீட்டர் வளர்ந்தாயிற்று. தலைமுடி ஒன்றின் தடிமன் ஏறக்குறைய 80,000 நானோமீட்டர்.

கண்ணால் பார்க்க வேண்டுமா? கோவிட் சமயத்தில் மூக்கில் குச்சி விட்டுப் பார்த்தோமே, அந்தப் பட்டையில் விழுந்த சிவப்புக் கோடு பல பட்டைகளில் தங்கம்தான். கர்ப்பம் பார்க்கிற பட்டையிலும் பெரும்பாலும் அதே தங்கம். சில பத்து நானோமீட்டர் அளவுக்குத் தங்கம் பொடியானால் மஞ்சள் போய்ச் சிவப்பாகிவிடும். லண்டனில் மைக்கேல் ஃபாரடே 1857-லேயே இந்தச் சிவப்புத் தங்கத்தைப் பற்றி எழுதிவிட்டார்.

நான் முதன்முதலாகச் செய்ததும் இதைத்தான். 1951-ல் டுர்கெவிச் குழுவினர் வெளியிட்ட செய்முறை. தங்க உப்பைத் தண்ணீரில் கரைத்துக் கொதிக்க வைத்து, சிட்ரேட் ஊற்ற வேண்டும். சிட்ரேட் என்பது எலுமிச்சையில் இருக்கிற அமிலத்தின் உப்பு. மஞ்சள் மறைந்து, கருத்து, சில நிமிடத்தில் திராட்சை ரசம் மாதிரிச் சிவந்து நிற்கும். எனக்குத் தலைகால் புரியவில்லை. பக்கத்தில் நின்ற மூத்த மாணவி எதுவும் பேசாமல் ஒரு சிட்டிகைச் சாப்பாட்டு உப்பை எடுத்து அதில் போட்டாள். சிவப்பு செத்து நீலமாகி, கொஞ்ச நேரத்தில் அடியில் கறுப்பாகப் படிந்துவிட்டது. துகள்கள் ஒன்றோடொன்று ஒட்டிக்கொண்டுவிட்டன. ‘ரத்தமும் உப்புத் தண்ணீர்தான்’ என்றாள். எங்கள் துறையின் முக்கால்வாசித் தலைவலி அந்த ஒரு சிட்டிகைக்குள் இருக்கிறது.

கேள்வி: கடல் சிப்பியிலிருந்து மருந்துப் பசை எடுக்கிறீர்களாமே? எப்படி அந்தப் பக்கம் போனீர்கள்?
(திரியோலே வாசகர்)

சிப்பியிலிருந்து எதையும் எடுப்பதில்லை ஐயா. அது செய்வதைப் பார்த்து நாங்கள் காப்பியடிக்கிறோம்.

என் அப்பா கரும்பு ஆலையில் வேலை பார்த்தவர். சர்க்கரை வியாதிக்காரர். நம் தீவில் பெரியவர்களில் ஏறத்தாழ ஐந்தில் ஒருவருக்கு இருப்பதுதான். தோட்டத்தில் அறுத்த கரும்பின் அடிக்கட்டை ஒன்று காலில் குத்தியது. அவருக்கு வலியே தெரியவில்லை. சர்க்கரை நரம்பைத் தின்றிருந்தது. இரண்டு நாள் கழித்துச் செருப்பில் ரத்தம் பார்த்துத்தான் தெரிந்தது. ஒரு விரல் போயிற்று. அப்புறம் இன்னொன்று. அம்மா தினமும் கட்டு மாற்றுவாள். துணியை உரிக்கும்போது புதிதாக வந்த இளந்தோலும் கூடவே வந்துவிடும். மறுநாள் மறுபடி முதலிலிருந்து.

அப்போது எனக்கு வேதியியல் என்றால் பரீட்சை, அவ்வளவுதான். உதவித்தொகை கிடைத்துத் தெற்குப் பிரான்சுக்குப் படிக்கப் போனேன். செத் ஊருக்குப் பக்கத்தில் தோ என்று ஒரு பெரிய உப்பங்கழி. அங்கே கயிறு கட்டித் தொங்கவிட்டு மூல் வளர்ப்பார்கள், அந்தக் கறுப்புச் சிப்பி. கயிற்றிலிருந்து ஒன்றைப் பிய்க்கப் பார்த்தேன், வரவில்லை. நனைந்த கயிறு, வழுவழுப்பான ஓடு, மேலே அலை. நம் கடைப் பசை எதுவும் ஈரத்தில் ஒட்டாது. இது தண்ணீருக்குள்ளேயே நூல் நூலாகப் பசை விட்டு ஒட்டிக்கொண்டு உட்கார்ந்திருக்கிறது. அந்தப் பசைப் புரதத்தில் ‘டோபா’ என்ற அமினோ அமிலம் இருப்பதை ஹெர்பர்ட் வெய்ட்டும் அவருடைய சகாவும் 1981-ல் காட்டினார்கள். 2007-ல் அமெரிக்காவில் மெசர்ஸ்மித் குழு இன்னும் எளிதாக்கியது. டோபாவின் நெருங்கிய உறவான டோபமைனை லேசான காரத் தண்ணீரில் கரைத்து, எந்தப் பொருளையும் அதில் முக்கி வைத்தால் போதும். தண்ணீர் பழுப்பாகி, கறுப்பாகி, பொருளின் மேல் சில பத்து நானோமீட்டர் தடிமனில் ஒரு தோல் படிந்துவிடும். தோசைக்கல்லில் பூசுகிற டெஃப்லான் மேலேகூடப் படியும். எதுவும் ஒட்டாது என்பதற்காகவே செய்த பொருள் அது!

அந்தக் கறுப்புத் தண்ணீரை நான் முதலில் பார்த்தபோது சிரித்துவிட்டேன். இந்தக் கறை எனக்குத் தெரியும். காவடி முடிந்து செத் காரி, அதாவது ஏழு கறி, சமைக்கிற நாளில் பாட்டியோடு உட்கார்ந்து வாழைக்காய் நறுக்கியிருக்கிறேன். கையெல்லாம் கறுத்து, மூன்று நாள் போகாது. வாழைத் தோலில் நிறைய இருப்பது இதே டோபமைன். காற்றுப் பட்டுக் கறுப்பாகிறது. நறுக்கிய காயைப் பாட்டி புளித்த மோரில் போடுவாள். புளிப்பில் அந்த வினை தடுமாறும். எங்கள் தொட்டியிலும் அப்படித்தான், அமிலம் சேர்த்தால் கறுக்காது. பாட்டிக்கு வேதியியல் தெரியாது; மோர் தெரியும். (வாழைப்பழம் சாப்பிட்டால் மூளைக்கு டோபமைன் போகும் என்று வாட்சப்பில் வருகிறதே, அது பொய். ரத்தத்திலிருந்து மூளைக்குள் நுழைய அதற்கு வழி கிடையாது.)

சரி, புண்ணுக்கு வருகிறேன். நாங்கள் செய்கிற விரிப்பு பகாஸிலிருந்து வருகிறது. ஆலையில் எரித்து மின்சாரம் எடுக்கிறார்களே, அதே கரும்புச் சக்கை. அதில் பாதிக்குக் கொஞ்சம் குறைவாக செல்லுலோஸ் உண்டு. அதைப் பிரித்து, வேதிமாற்றம் செய்து, கரைத்து, ஊசி போட்ட குழாயில் ஏற்றுவோம். ஊசிமுனைக்கும் எதிரே இருக்கும் உலோகத் தகட்டுக்கும் இடையே 15,000, 20,000 வோல்ட். முனையில் தொங்கும் சொட்டு கூம்பாகி, அதிலிருந்து கண்ணுக்குத் தெரியாத இழை சுழன்று சுழன்று தகட்டில் போய்ப் படியும். திருவிழாவில் பஞ்சு மிட்டாய் சுற்றுவதைப் பார்த்திருப்பீர்கள், ஏறக்குறைய அதுதான். நம் தோலுக்கு அடியில் இருக்கிற கொல்லாஜன் என்ற புரத வலையின் இழையும் கிட்டத்தட்ட இதே பருமன். செல்கள் அதை வீட்டுத் தரை என்று நினைத்துக்கொண்டு ஊர்ந்து வரும் என்பது எங்கள் நம்பிக்கை.

அந்த இழைக்கு டோபமைன் பூச்சு கொடுத்தோம். ஈரப் புண்ணில் அழகாக ஒட்டியது. எலிகளில் ஒரு வாரம் பார்த்தோம், தோல் வந்தது. எட்டாம் நாள் விரிப்பை உரித்தேன். புதுத் தோல் அதோடு வந்துவிட்டது. அம்மா கையிலிருந்த அந்தப் பழைய கட்டுத் துணி மாதிரியே. நாலு வருட வேலை. அன்று மத்தியானம் நான் யாரோடும் பேசவில்லை.

பிசகு எங்கே? சிப்பி ஒட்டிக்கொள்வதை மட்டும் நான் பார்த்தேன். அதற்கு விடவும் தெரியும். வேண்டாதபோது அந்த நார்க்கற்றை முழுவதையும் வேரோடு உதறிவிட்டு இடம் மாறும். எப்படி என்பது 2023-ல்தான் கொஞ்சம் தெளிந்தது. கனடாவின் மெக்கில் பல்கலைக்கழகத்தில் பார்த்திருக்கிறார்கள்: நாரின் வேரைச் சிப்பியின் உயிருள்ள திசு, கணக்கில்லாத நுண்ணிய அசையும் மயிர்களால் பற்றிக்கொண்டிருக்கிறது. பிடியைத் தளர்த்துவதில் செரோடோனினுக்குப் பங்கு உண்டு. நாங்கள் இப்போது பூச்சைப் புண்ணின் ஓரத்துக்கு மட்டும் கொடுத்து, நடுவில் தானாகக் கரைகிற இழையை வைத்துப் பார்க்கிறோம். மனிதருக்குப் போடுகிற நிலைக்கு இது வரவில்லை. ‘எங்கே கிடைக்கும்’ என்று எழுதிய பதினோரு பேருக்கும் இதுவே பதில். தயவுசெய்து டாக்டரிடம் காலைக் காட்டுங்கள்.

கேள்வி: நம் சித்தர்கள் பஸ்பம் செய்தது நானோதானே? கீழடிப் பானையில்கூட நானோ இருந்ததாமே! நீங்கள் புதிதாக என்ன கண்டுபிடித்தீர்கள்?
(கியூர்பிப் வாசகர்)

கோபமாக எழுதியிருக்கிறீர்கள், பரவாயில்லை. கீழடிச் செய்தி உண்மை. பானை ஓடுகளின் கறுப்புப் பூச்சில் கார்பன் நானோ குழாய்கள் இருப்பதாக 2020-ல் ஆய்வுக் கட்டுரை வந்தது. எனக்கும் பெருமைதான். ஆனால் விறகு அடுப்புக் கரியிலும் நுண்துகள் இருக்கிறது. செய்தவர் அளவு பார்த்து, வேண்டியபடி மாற்றி, மறுபடி அதையே செய்ய முடிந்ததா என்பதுதான் எங்களுக்குக் கேள்வி. குயவர் நல்ல பானை செய்ய நினைத்தார், செய்தார். அவருக்கு நாம் வேறு பட்டம் கட்ட வேண்டியதில்லை.

தங்க பஸ்பத்தை எலக்ட்ரான் நுண்ணோக்கியில் பார்த்தவர்கள் சில பத்து நானோமீட்டர் தங்கத் துகள்களைக் கண்டிருக்கிறார்கள். சின்னதாக இருப்பதாலேயே அது நல்லது என்று ஆகிவிடாது. 2004-ல் வந்த ஓர் ஆய்வுக் கட்டுரைக்காக அமெரிக்காவின் பாஸ்டன் பகுதிக் கடைகளில் வாங்கிய 70 ஆயுர்வேத மருந்துகளைச் சோதித்தார்கள். 14-ல் ஈயமோ பாதரசமோ ஆர்சனிக்கோ இருந்தது. இந்தியாவிலிருந்து யாராவது பையில் போட்டுக் கொண்டுவரும் பொட்டலத்தை நான் சாப்பிட மாட்டேன். நீங்கள் உங்கள் இஷ்டம்.

இன்னொன்றும் சொல்லிவிடுகிறேன். வேப்பிலைச் சாறு, துளசிச் சாறு விட்டு வெள்ளித் துகள் செய்தோம் என்ற கட்டுரைகள் மலை மாதிரிக் குவிகின்றன. எந்த இலைச் சாற்றை வெள்ளி உப்பில் ஊற்றினாலும் அநேகமாகத் துகள் வரும். நானே நம் கறிவேப்பிலையில் செய்து ஒரு கட்டுரை போட்டேன். அதனால் ஒரு எறும்புக்கும் பிரயோசனம் இல்லை.

கேள்வி: நானோ மருந்து புற்றுநோய்க் கட்டிக்கு மட்டும் நேராகப் போய்ச் சேரும் என்கிறார்களே?
(மாபூர் வாசகி)

உங்கள் கடிதத்தின் பின்பாதியை நான் இங்கே போடவில்லை. அதனால் பொதுவாகச் சொல்கிறேன். கட்டியின் ரத்தக் குழாய்கள் ஓட்டையாக இருக்கும்; அதன் வழியே துகள் கசிந்து உள்ளே தங்கும் என்று 1986-ல் ஜப்பானில் கண்டார்கள். அதை நம்பி உலகமே ஓடியது. 2016-ல் டொரொண்டோவில் ஒரு குழு, பத்து வருடத்து ஆய்வுகளைக் கூட்டிக் கணக்குப் பார்த்தது. ஊசியில் ஏற்றிய துகளில் கட்டிக்குப் போய்ச் சேர்ந்தது, நடு மதிப்பாக, 0.7 சதவீதம். அதுவும் பெரும்பாலும் எலிகளில். மீதியில் பெரும்பங்கைக் கல்லீரலும் மண்ணீரலும் பிடித்து வைத்துக்கொள்கின்றன. ரத்தத்தில் இறங்கிய கணத்திலேயே புரதங்கள் துகள்மேல் அப்பிக்கொள்ளும். அப்புறம் அதன் முகமே வேறு.

அதற்காக எல்லாம் வீண் என்று நினைக்காதீர்கள். 1995-ல் அமெரிக்காவில் அனுமதி பெற்ற டாக்சில், ஒரு பழைய மருந்தைக் கொழுப்புக் குமிழிக்குள் அடைத்தது. அதன் பெரிய நன்மை இதயத்துக்கு நேர்கிற சேதம் குறைந்தது. கோவிட் தடுப்பூசிகளில் ஃபைசரும் மாடர்னாவும் அதே மாதிரிக் கொழுப்புத் துகளில் ஏறி வந்தவைதான். உங்களவருக்கு டாக்டர் எழுதியிருப்பதைத் தொடருங்கள் அம்மா. பெயரில் நானோ இல்லை என்பதற்காக மாற்றாதீர்கள்.

கேள்வி: வீட்டில் கிரியோல், வேலையில் பிரெஞ்சு, ஆங்கிலம். தமிழில் எதற்கு அறிவியல்?
(காத்ர் போர்ன் வாசகர்)

நம் ரூபாய் நோட்டில் தமிழ் இருக்கிறது. என் நோட்டுப் புத்தகத்திலும் இருந்துவிட்டுப் போகட்டுமே.

கேள்வி: என் மகன் எச்.எஸ்.சி. எழுதப் போகிறான். வேதியியலில் கெட்டிக்காரன். உங்களைப் போல ஆக வேண்டும் என்கிறான். இங்கே வேலை கிடைக்குமா?
(தெர் ரூஜ் தாய்)

மழுப்பாமல் சொல்கிறேன். இந்தத் தீவில் இதற்கென்று இருக்கிற இடங்கள் விரல்விட்டு எண்ணக்கூடியவை. ரெதுவிப் பல்கலைக்கழகத்தைச் சுற்றிச் சில, வெளியே சில. நல்ல நுண்ணோக்கிக்காக மாதிரிகளைப் பெட்டியில் கட்டிப் பிரான்சுக்கு அனுப்பிவிட்டுக் காத்திருந்த வருடங்கள் எனக்கு உண்டு. முனைவர் பட்டம் முடிக்க முப்பது வயதாகும். அதுவரை அவன் கூட்டாளிகள் கணக்குப் படித்து, வங்கியில் சேர்ந்து, கார் வாங்கியிருப்பார்கள். இதெல்லாம் தெரிந்தும் அவன் கேட்டால், தடுக்காதீர்கள்.

ஒன்று செய்யலாம். மதிப்பெண்ணை வைத்து இதை முடிவு செய்ய முடியாது. நான் பார்த்த கெட்டிக்காரப் பிள்ளைகள் சிலர் மூன்றாவது தடவை தோற்றதுமே ஓடிவிட்டார்கள். ஒரு பையன், வேதியியலில் நடுத்தரம்தான். ஊசி அடைத்துக்கொண்டால் திட்டாமல் கழற்றிக் கழுவி மாட்டுவான், ஒரு நாளில் இருபது தடவை. அவன் இப்போது லியோனில் இருக்கிறான்.

உங்கள் மகனையும் ஒரு வாரம் அனுப்புங்கள். சம்பளம் கிடையாது, குழாய் கழுவ வேண்டும், மத்தியானம் பருப்பு வைத்த ‘தோல் பூரி’ வாங்கித் தருவேன். ஆனால் ஜூலை விடுமுறையில் அனுப்புங்கள். புயல் மாதங்களில் காற்றில் ஈரம் ஏறி, இழை வராமல் மணி மணியாகச் சொட்டிக்கொண்டிருக்கும். பிப்ரவரியில் நானே அந்த இயந்திரத்தின் பக்கம் போவதில்லை.