பொட்டு வைத்த இடத்தில் வெள்ளை

இந்த மாதம் வந்த கடிதங்களில் பாதிக்கு மேல் தோலின் நிறம் மாறியதைப் பற்றியவை. எழுதியவர்களில் பலரும் மருத்துவரிடம் போகும் முன்பு எதையாவது பூசிப் பார்த்திருக்கிறீர்கள். என்ன திட்டு என்று தெரியாமல் அதன் மேல் எதையும் பூசாதீர்கள். முப்பது வருடமாக நோயாளிகளிடம் கேட்பதைத்தான் உங்களிடமும் கேட்கிறேன்.

*டாக்டரம்மா, என் மகளுக்கு 24 வயது. பள்ளிக்கூட நாளிலிருந்து ஸ்டிக்கர் பொட்டுதான் வைக்கிறாள். ஆறு மாதமாகப் பொட்டு வைக்கும் இடம் வெளுத்திருக்கிறது. வரன் பார்க்கிற நேரம். என் நாத்தனார் வெண்குஷ்டம் என்கிறார். பூண்டு அரைத்துத் தடவினோம், கொப்புளம் வந்துவிட்டது.*
*– வாசகி, தேனி மாவட்டம்*

அம்மா, முதலில் பூண்டை நிறுத்துங்கள். வெள்ளை விழும் தன்மையுள்ள தோலில் காயம், கொப்புளம், சிராய்ப்பு எது பட்டாலும், அந்த இடத்திலேயே புதிதாக வெளுக்கலாம். புண் ஆறும்வரை மருத்துவர் தரும் களிம்பு தவிர வேறொன்றும் வேண்டாம்.

சில வருடங்களுக்கு முன் ஒரு கல்லூரி மாணவி என்னிடம் வந்தாள். நெற்றியில் நீளமான திலகப் பொட்டு. எடுத்துக் காட்டச் சொன்னேன். அடியில் இருந்த வெள்ளையும் அச்சாக அதே திலக வடிவம். மேலே கூர், கீழே குமிழ். அவள் கைப்பையிலிருந்த பொட்டு அட்டையை வாங்கிப் பக்கத்தில் வைத்துப் பார்த்தேன், அளவுகூட மாறவில்லை. பல ஸ்டிக்கர் பொட்டுகளின் பசையில் பாரா டெர்ஷியரி பியூட்டைல் பீனால் என்ற ரசாயனம் இருக்கிறது. தோலுக்கு நிறம் தருகிற மெலனோசைட் செல்களை அது கொன்றுவிடும். எல்லோருக்கும் இப்படி ஆவதில்லை. சிலருடைய செல்கள் அதைத் தாங்குவதில்லை. ஒரே இடத்தில் வருடக்கணக்கில் ஒட்டினால் ஆபத்து கூடும். ரப்பர் செருப்பின் வார் படும் இடத்திலும் சிலருக்கு இதே கதைதான்.

உங்கள் மகளுக்கும் இதுவாக இருக்க நிறைய வாய்ப்பு உண்டு. ஸ்டிக்கரை அடியோடு விடச் சொல்லுங்கள். குங்குமம், சாந்து எதுவும் அந்த இடத்தில் இப்போதைக்கு வேண்டாம். புண் ஆறியதும் டாக்ரோலிமஸ் போன்ற களிம்பை மருத்துவர் எழுதித் தருவார். முகத்தில் நிறம் திரும்புவது மற்ற இடங்களைவிடச் சுலபம். அப்புறம், உடம்பில் வேறெங்காவது வெள்ளை இருக்கிறதா என்று ஒருமுறை முழுமையாகப் பாருங்கள். இருந்தால் அது வெண்புள்ளி நோயாக இருக்கலாம், அதற்குச் சிகிச்சை வேறு மாதிரி போகும்.

இனி அந்த 'குஷ்டம்' என்ற சொல். தொழுநோய் ஒரு பாக்டீரியாவால் வருவது. அதன் திட்டு பெரும்பாலும் வெளிறியோ சிவந்தோ இருக்கும், பால் போல வெளுக்காது. முக்கியமாக அங்கே உணர்ச்சி குறைந்திருக்கும். மகளைக் கண்ணை மூடச் சொல்லி, பஞ்சுத் திரியால் அந்த இடத்தை லேசாகத் தொடுங்கள், எங்கே தொட்டீர்கள் என்று விரலால் காட்டச் சொல்லுங்கள். மருத்துவமனையில் நாங்கள் முதலில் செய்வதும் இதுதான். அவள் சரியாகக் காட்டுவாள் என்றே நினைக்கிறேன். தவறினால் உடனே ஆரம்ப சுகாதார நிலையத்துக்குப் போங்கள். தொழுநோய்க்கும் 6 மாதம் அல்லது 12 மாதக் கூட்டு மருந்தில் முழுக் குணம் உண்டு, மருந்து இலவசம். தொழுநோயை விவாகரத்துக்குக் காரணமாகக் காட்டும் பிரிவையே 2019-ல் சட்டத்திலிருந்து நீக்கிவிட்டார்கள். ஒட்டவே ஒட்டாத ஒரு வெள்ளைக்காக இந்தப் பெண் ஏன் தலைகுனிய வேண்டும்? மேக்கப் போட்டு மறைத்துப் படம் அனுப்பாதீர்கள். இருப்பதைச் சொல்லியே பேசுங்கள். கேட்டுவிட்டுப் பின்வாங்குகிற வீட்டுக்கு அவள் போகாமலிருப்பதே எனக்கு நிம்மதி.

*எனக்கு 31 வயது. முழங்கால், விரல் நுனி, உதட்டோரம் என்று நான்கு வருடமாக வெண்புள்ளி. மீன் தின்றுவிட்டுப் பால் குடித்ததால் வந்தது என்கிறார்கள். கார்போகரிசியை அரைத்துப் பூசி வெயிலில் நிற்கலாமா?*
*– வாசகர், நாகப்பட்டினம் மாவட்டம்*

தம்பி, மீனும் பாலும் காரணமில்லை. கடலோரத்தில் பிறந்துவிட்டு மீனை விட்டுவிடாதீர்கள். நம் உடம்பின் காவல் செல்களே ஆள் தெரியாமல் நிறச் செல்களைத் தாக்குகின்றன, அதுதான் வெண்புள்ளி. உலகில் ஏறத்தாழ நூற்றில் ஒருவருக்கு இருக்கிறது. இதே குழப்பம் தைராய்டிலும் நடக்கக்கூடும் என்பதால், தைராய்டு பரிசோதனை ஒன்று செய்துகொள்ளுங்கள்.

கார்போகரிசியை நான் மட்டமாகப் பேச மாட்டேன். அந்த விதையில் சோராலென் என்ற பொருள் இருக்கிறது. வெயிலோடு சேர்ந்தால் தோலில் நிறத்தைத் தூண்டும். எகிப்தில் வேறொரு செடியின் விதையிலிருந்து இதே வகைப் பொருளை எடுத்து, எல் மோஃப்டி என்ற மருத்துவர் 1940-களில் வெண்புள்ளிக்குப் பயன்படுத்தினார். நம் சித்த மருத்துவத்திலும் அந்த அறிவு இருந்திருக்கிறது. ஆனால் வீட்டில் அரைக்கும்போது எவ்வளவு சோராலென் இருக்கிறது, நாகப்பட்டினத்து வெயிலில் எத்தனை நிமிடம் நிற்கலாம் என்று அளக்க வழியில்லை. முழங்கால் முழுக்க நீர்க்கொப்புளத்தோடு வந்தவர்களுக்குக் கட்டுப் போட்டிருக்கிறேன். வேண்டாம்.

இன்று அதற்குப் பதிலாக 311 நானோமீட்டர் புறஊதா ஒளிச் சிகிச்சை இருக்கிறது. வாரம் இரண்டு மூன்று தடவை, சில நிமிடங்கள் போதும். பல அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனைகளில் கிடைக்கிறது. மூன்று மாதம் பொறுத்துத்தான் பலன் கண்ணுக்குத் தெரியும். வெள்ளைத் திட்டுக்குள் ஒவ்வொரு முடிக்காலையும் சுற்றிக் கடுகு கடுகாகப் பழுப்புப் புள்ளி எழும்பும். மயிர்க்காலின் அடியில் ஒளிந்திருந்த நிறச் செல்கள் மேலே ஏறி வருவது அது. அந்தக் கடுகுகள் பெருத்து ஒன்றோடொன்று சேர்ந்து திட்டு மூடும். எத்தனையோ முறை பார்த்துவிட்டேன், இன்றும் அதைப் பார்க்கிற அன்று மனசு நிறைந்துவிடும்.

ஆகவே முழங்காலுக்கு நம்பிக்கை உண்டு. விரல் நுனியிலும் உதட்டிலும் முடிக்கால் இல்லை, அதனால் அங்கே ஒளியால் பெரிய பலன் வராது. அதற்குத் தோல் ஒட்டு அறுவை, நிறச் செல்களை எடுத்து நடுவது என்று வழிகள் இருக்கின்றன. ஆனால் ஒரு வருடமாவது புதிய புள்ளி வராமல், பழையது பெருக்காமல் இருக்க வேண்டும். அதை நீங்களே கணக்கு வைக்கலாம். கண்ணாடித் தாளைத் திட்டின் மேல் வைத்து விளிம்பைப் பேனாவால் வரைந்து, தேதி போட்டு எடுத்து வையுங்கள். மூன்று மாதத்துக்கு ஒருமுறை அதையே மேலே வைத்துப் பாருங்கள். ருக்சோலிட்டினிப் என்ற களிம்புக்கு 2022-ல் அமெரிக்காவில் அனுமதி கிடைத்தது. அது வேண்டுமா என்பதை உங்கள் மருத்துவரோடு பேசி முடிவெடுங்கள்.

*என் பையனுக்கு 7 வயது. கன்னத்தில் வெளிறிய திட்டு. பூச்சி மருந்து இரண்டு முறை கொடுத்தும் போகவில்லை.*
*– வாசகி, கரூர்*

வயிற்றுப் பூச்சிக்கும் இதற்கும் தொடர்பில்லை. விளிம்பு மங்கலாக, மேலே லேசாகச் சொரசொரவென்று இருந்தால் அது வறண்ட தோலில் வரும் சாதாரணத் திட்டு. குளித்த ஈரம் காயும் முன் மாய்ஸ்சரைசர் பூசுங்கள். சில மாதங்களில் மங்கிவிடும். சுண்ணாம்பு போல வெளுத்தால் மட்டும் காட்டுங்கள்.

*எனக்கு 34 வயது. இரண்டாவது பிரசவத்துக்குப் பிறகு இரண்டு கன்னத்திலும் மங்கு. பக்கத்து மெடிக்கல் ஷாப்பில் தந்த கிரீமில் ஒரே மாதத்தில் முகம் பளிச்சென்றது. இரண்டு வருடமாகப் பூசுகிறேன். இப்போது விட்டால் எரிகிறது, சிவக்கிறது, மங்கு முன்னைவிடக் கறுத்திருக்கிறது.*
*– வாசகி, திருப்பூர்*

உங்கள் கடிதத்தைப் படித்ததும் வருத்தமாக இருந்தது, இதே வரிகளைக் கேட்காத வாரம் எனக்கு இல்லை. அந்த டியூபை எடுத்துப் பின்பக்கத்துப் பொடி எழுத்தைப் படியுங்கள். மொமெட்டசோன், பீட்டாமெத்தசோன், குளோபீட்டசால் என்று ஏதாவது இருந்தால் அது ஸ்டீராய்டு. இவற்றை மருந்துச் சீட்டு இல்லாமல் விற்கக் கூடாது என்று 2018-லேயே விதி கொண்டுவந்தார்கள். ஹைட்ரோகுவினோன், டிரெட்டினாயினோடு கொஞ்சம் ஸ்டீராய்டும் சேர்த்த களிம்பை நாங்களும் மங்குக்கு எழுதுவோம், ஆனால் சில வாரங்களுக்குத்தான். இரண்டு வருடம் பூசினால் தோல் மெலிந்து, ரத்தக் குழாய் தெரிந்து, பரு வந்து, நீங்கள் சொன்ன இந்த எரிச்சலில் வந்து நிற்கும். விடும்போது எரிகிறதே என்று மறுபடி பூசுவீர்கள், பூசினால் அடங்கும், அதனால் விடவே முடியாது. ஒரு தோல் மருத்துவரின் மேற்பார்வையில்தான் இதிலிருந்து வெளியே வர வேண்டும். சில மாதம் ஆகும், முகம் தேறிவிடும்.

டியூபில் என்ன கலந்திருக்கிறது என்றே எழுதவில்லையென்றால் இன்னும் பயப்படுங்கள். கேரளத்தின் மலப்புரம் மாவட்டத்தில் சிறுநீரகம் பாதித்துச் சிறுநீரில் புரதம் ஒழுகிய பலரை விசாரித்தபோது, அவர்களில் பெரும்பாலோர் சிவப்பழகு கிரீம் பூசியவர்கள் என்பது தெரிந்தது. காரணம் அதிலிருந்த பாதரசம்.

மங்குக்கு ஹார்மோனும் வெளிச்சமும் சேர்ந்துதான் காரணம். கருத்தடை மாத்திரை எடுக்கிறீர்களா என்பதை மருத்துவரிடம் சொல்லுங்கள். வெயிலின் புறஊதாக் கதிர் மட்டுமல்ல, சாதாரண வெளிச்சமும் மங்குத் திட்டைக் கறுக்க வைக்கும். அதனால் அயர்ன் ஆக்சைடு கலந்த, லேசாக நிறமுள்ள சன்ஸ்கிரீனாக வாங்குங்கள். ஆள்காட்டி விரல், நடுவிரல் இரண்டின் நீளத்துக்கும் பிதுக்கினால் முகத்துக்கும் கழுத்துக்கும் சரியாக இருக்கும். டிரானெக்சாமிக் அமில மாத்திரையும் உதவும். ஆனால் ரத்தம் உறையும் கோளாறு உங்களுக்கோ குடும்பத்திலோ இருந்தால் ஆகாது, அதை மறைக்காமல் சொல்லுங்கள். மறுபடி கர்ப்பம் என்றால் ஹைட்ரோகுவினோன், டிரெட்டினாயின் இரண்டையும் தொடக் கூடாது.

மருத்துவரைப் பார்க்கும்போது அந்த டியூபையும் கையில் எடுத்துப் போங்கள். தூக்கிப் போட்டிருந்தால் அட்டைப் பெட்டியாவது வீட்டில் இருக்கும், தேடுங்கள். அதில் அச்சிட்டிருக்கும் மருந்துப் பெயர்களை எனக்கும் ஒரு வரி எழுதி அனுப்புங்கள்.