லாரிக்குள் இருக்கும் கதை

கேள்வி: ஜப்பானின் 'டொராக்கு யாரோ' படங்களின் திரைக்கதையைச் சென்ற இதழில் புகழ்ந்திருந்தீர்கள். பத்துப் படத்திலும் ஒரே கதைதானே? மக்கள் வந்தது கலர் விளக்கு மாட்டிய லாரியைப் பார்க்க. எழுதியவருக்கு இதில் என்ன பெருமை?

பதில்: ஒரே கதைதான், மறுக்கவில்லை. லாரி ஓட்டுநர் மொமோஜிரோ ஒரு பெண்ணைக் கண்டதும் காதலில் விழுவார். அவள் மனம் வேறொருவரிடம் இருக்கும். கடைசியில் யாருடைய அவசரத்துக்காகவோ லாரியை விரட்டுவார். 1975 ஆகஸ்டில் தொடங்கி 1979 வரை டோயே படநிறுவனம் இதையே எடுத்தது. பத்தையும் இயக்கிய நொரிஃபுமி சுஸுகி திரைக்கதையிலும் கை வைத்தவர். ஷினிச்சிரோ சவாய் அவரோடு சேர்ந்து எழுதினார்.

விளக்கையே காட்டுவது நோக்கமென்றால், அந்தக் கடைசி ஓட்டத்தை இப்படி எழுத யாருக்கு மனம் வரும்? கரடுமுரடான பாதையில் அலங்காரமெல்லாம் பிய்ந்து விழுகிறது. போலீஸ் துரத்துகிறது, சக ஓட்டுநர்கள் தங்கள் லாரிகளைக் குறுக்கே விட்டுப் போலீஸை மறிக்கிறார்கள். ஊர் ஊராக ஓடிச் சம்பாதித்த காசையெல்லாம் கொட்டி இழைத்த வண்டியை, தனக்கு ஒன்றும் கிடைக்காத காரியத்துக்காக ஒருவன் நொறுக்குகிறான். அந்த அலங்காரம் அவனுக்கு எவ்வளவு பெரிது என்பதை அதுவரை ஒன்றரை மணி நேரம் நம் மனத்தில் பதிய வைத்தது திரைக்கதை. அந்த வேலையை விளக்கு செய்யாது.

1975 டிசம்பரில் வந்த இரண்டாவது படத்தைப் பாருங்கள். பெண் ஜப்பானிய நாவலாசிரியர் தசாய் ஒசாமுவின் எழுத்தில் மூழ்கியவள். மொமோஜிரோவும் இலக்கிய ரசிகராக வேடம் போடுகிறார். தியேட்டர் சிரிக்கும். ஆனால் படித்தவர்கள் முன்னால் கூசி நிற்கிற உழைப்பாளியின் வலி அதற்குள் இருக்கிறது. அவரைக் கேலிப்பொருளாக்கி விட்டுவிடாதது எழுத்தாளரின் பண்பு. தோழர் ஜொனாதனுக்கும் அப்படித்தான்: முன்னாள் போலீஸ்காரர், வீடு நிறையப் பிள்ளைகள். குடும்பம் இருப்பவரையும் இல்லாதவரையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்தாலே மொமோஜிரோவின் தனிமை பேசிவிடுகிறது. மொமோஜிரோவாகப் புன்டா சுகவாராவும் ஜொனாதனாகக் கின்யா ஐகாவாவும் அருமையாக நடித்தார்கள், அதில் எனக்கு மாற்றுக் கருத்தில்லை. நடிக்க ஏதாவது எழுதிக் கொடுத்திருக்க வேண்டுமே!

போட்டி நிறுவனமான ஷோச்சிக்குவின் படவரிசை நாயகன் டோரா-சானும் காதலில் தோற்பவர்தான். இதை அதன் நகல் என்று சொல்பவர்கள் உண்டு. டோரா-சான் பெட்டியைத் தூக்கிக்கொண்டு ஊரைவிட்டுப் போய்விடுவார். மொமோஜிரோ அழுகையை வேலையாக்குவார். இரண்டும் வேறு வேறு மனிதர்கள்.

ஒன்று மட்டும் யோசியுங்கள். 1968இல் 'சிவப்புப் பியோனி' என்ற பெண் சூதாட்டக்காரியின் கதையை எழுதியவரும் இதே சுஸுகி. சவாய் 1981இல் இயக்குநரானபோது எடுத்தது, எழுத்தாளர் இத்தோ சச்சியோவின் கிராமத்துக் காதல் கதையான 'நொகிகு நோ ஹாகா'. இரண்டிலும் லாரியே கிடையாது.