கோர்ட் உத்தரவு இருக்கிறது, போலீஸ் அசையவில்லை!
(வாசகர்களின் சட்டக் கேள்விகளுக்கு வழக்கறிஞர் பதில்)

கேள்வி: என் தம்பியைத் தாக்கிய வழக்கில், மூன்று மாதத்துக்குள் புலன்விசாரணையை முடித்து இறுதி அறிக்கை தாக்கல் செய்ய உயர் நீதிமன்றம் உத்தரவிட்டது. ஐந்து மாதமாகிவிட்டது. ஸ்டேஷனில் கேட்டால், 'பழைய இன்ஸ்பெக்டர் மாறிப் போய்விட்டார்' என்கிறார்கள். அவமதிப்பு வழக்குப் போடலாமா?

பதில்: போடலாம். அதற்கு முன், புதிய இன்ஸ்பெக்டர் கைக்கு உத்தரவு நகல் போயிற்றா என்று பாருங்கள். 1971-ஆம் ஆண்டு நீதிமன்ற அவமதிப்புச் சட்டம் வேண்டுமென்றே கீழ்ப்படியாதவரைத்தான் தண்டிக்கிறது. 'எனக்கு உத்தரவே தெரியாது' என்று அவர் சொல்லிவிட்டால் உங்கள் மனு அங்கேயே படுத்துவிடும். சான்றிட்ட நகலை ஒரு கடிதத்தோடு தபாலில் அனுப்பி, அது போய்ச் சேர்ந்ததற்கான அத்தாட்சியைப் பத்திரப்படுத்துங்கள். எஸ்.பி.க்கும் ஒரு பிரதி போகட்டும். சில வாரம் பாருங்கள். அப்புறமும் அசையாவிட்டால் மனு போடுங்கள். பதவியை மட்டும் குறிப்பிட்டால் போதாது, அதிகாரியின் பெயரையும் போட வேண்டும். இதில் பதில் சொல்ல வேண்டியவர் அவர்தான். அவமதிப்பு நடந்த நாளிலிருந்து ஓராண்டுக்குள் போட்டாக வேண்டும்.

தண்டனை ஆறு மாதம் வரை சிறை அல்லது 2,000 ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். மன்னிப்புக் கேட்டு, நீதிமன்றம் அதை ஏற்றால் அதோடு விட்டுவிடும். அவர் ஜெயிலுக்குப் போவார் என்று எதிர்பார்க்காதீர்கள். நோட்டீஸ் போனதும், அதுவரை நகராத ஃபைல் அவசர அவசரமாக நகரும். உங்களுக்கு வேண்டியதும் அதுதானே? தடயவியல் அறிக்கை வரவில்லை என்பது நியாயமான காரணமாக இருக்கலாம். ஆனால் அதைச் சொல்லி, கெடு முடிவதற்குள் அவர்கள்தான் கூடுதல் அவகாசம் கேட்டிருக்க வேண்டும்.

இன்னொன்று. இறுதி அறிக்கை என்றால் குற்றப்பத்திரிகையாகத்தான் இருக்கும் என்பதில்லை. 'குற்றம் நடக்கவில்லை' என்று வழக்கை முடித்தும் தாக்கல் செய்யலாம். எரிச்சலாகத்தான் இருக்கும். ஆனாலும் உத்தரவு நிறைவேறியதாகவே ஆகும். அதன் சரி தவறை அவமதிப்பு மனுவில் அலச முடியாது. மாஜிஸ்திரேட் முன் ஆட்சேப மனுதான் போட வேண்டும்.

கேள்வி: மாஜிஸ்திரேட் கோர்ட்டில் எனக்கு மாதம் 6,000 ரூபாய் ஜீவனாம்சம் கொடுக்கச் சொன்னார்கள். கணவர் எட்டு மாதமாகக் கட்டவில்லை. இதுவும் அவமதிப்புதானே?

பதில்: அந்த வழியில் போகாதீர்கள், அம்மா. உயர் நீதிமன்றம் வரை அலைய வேண்டியிருக்கும், கடைசியில் பணமும் கைக்கு வராது. உத்தரவு போட்ட அதே கோர்ட்டில் பாக்கியை வசூலிக்க மனு போடுங்கள். பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 125(3) பிரிவுதான் இப்போது அதற்குப் பதிலாக வந்துள்ள பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா (பி.என்.எஸ்.எஸ்.) சட்டத்தின் 144(3). அதன்படி வாரண்ட் போகும். அப்படியும் கட்டாவிட்டால், ஒவ்வொரு மாதப் பாக்கிக்கும் ஒரு மாதம் வரை சிறையில் அடைக்கலாம். உள்ளே இருந்துவிட்டு வந்தாலும் கடன் கழியாது. ஒவ்வொரு மாதத் தொகையையும் அது சேர வேண்டிய நாளிலிருந்து ஓராண்டுக்குள் கேட்டுவிட வேண்டும். எட்டு மாதம் போய்விட்டது, இந்த மாதமே மனு போடுங்கள்.