ஆன்டி காஃப்மன் ஜோக்கே சொல்லாமல் எப்படி காமெடியன் ஆனார்?

ஜோக்குக்காகக் காத்திருக்கும் நேரத்தையே அவர் காமெடியாக்கினார். 1975 அக்டோபரில் வந்த 'சாட்டர்டே நைட் லைவ்' என்ற அமெரிக்க டிவி காமெடி ஷோவின் முதல் நிகழ்ச்சியைப் பாருங்கள். ரெக்கார்டில் 'மைட்டி மவுஸ்' கார்ட்டூன் பாட்டு ஓடுகிறது. மனிதர் திருதிருவென்று முழித்துக்கொண்டு நிற்கிறார். ஒரே ஒரு வரி வரும்போது மட்டும் கையை வீசிக் கம்பீரமாக வாயசைக்கிறார். அப்புறம் மறுபடியும் அதே முழி. நடுவில் ஒரு வாய் தண்ணீர். கூட்டம் விழுந்து விழுந்து சிரிக்கிறது. எனக்கு இன்றும் அலுக்காத காட்சி இது.

'டாக்ஸி' என்ற டிவி காமெடி தொடர் அவருக்குப் புகழைத் தந்தது. 1979இல் நியூயார்க்கின் கார்னகி ஹால் அரங்கில் நிகழ்ச்சி முடிந்ததும் ரசிகர்களைப் பஸ்களில் ஏற்றிப் போய்ப் பாலும் பிஸ்கட்டும் கொடுத்தார். பிறகு பெண்களோடு மல்யுத்தம் செய்து, வேண்டுமென்றே வெறுப்பைச் சம்பாதித்தார். 1984இல், 35 வயதில், நுரையீரல் புற்றுநோயால் இறந்தபோது அதையும் நடிப்பு என்றே பலர் நினைத்தார்கள்.