அம்மாவும் மகளும்: எது தப்பு, எது நாலு பேர் பேச்சு? (கேள்வி பதில்)

கேள்வி: என் மகளுக்கு 24 வயது. வேலை பார்க்கும் இடத்தில் ஆண், பெண் நண்பர்களோடு ஒரே வீட்டில் தங்கியிருக்கிறாள். "இதில் என்ன தப்பு?" என்கிறாள். சொந்தக்காரர்கள் முகத்தில் விழிக்க முடியவில்லை.

பதில்: உங்கள் வேதனை புரிகிறது அம்மா. ஆனால் இதில் இரண்டு விஷயம் கலந்திருக்கிறது. பிறரைக் காயப்படுத்துவது வேறு, வழக்கத்தை மீறுவது வேறு. உளவியலாளர் எலியட் டூரியல் ஆராய்ந்தது இதைத்தான். சின்னக் குழந்தைக்கே அந்த வித்தியாசம் தெரியும். டீச்சர் அனுமதித்தால் இடம் மாறி உட்காரலாமா என்று கேட்டால், "உட்காரலாம்." டீச்சரே அனுமதித்தால் பக்கத்துப் பையனை அடிக்கலாமா என்றால், "கூடாது, வலிக்கும்."

இன்னொரு உளவியலாளர் ஜூடித் ஸ்மெட்டானா பெற்றோர்-பிள்ளை சண்டைகளை இதே கோணத்தில் பார்த்தார். பெற்றோர் வழக்கம், ஒழுங்கு என்று பேசுவதை, பிள்ளைகள் 'என் சொந்த விஷயம்' என்கிறார்கள். உங்கள் வீட்டிலும் அதே கதைதான். பாதுகாப்பாக இருக்கிறாளா, யாராவது வற்புறுத்துகிறார்களா என்று தாராளமாகக் கேளுங்கள். "எனக்குக் கூச்சமாக இருக்கிறது" என்றும் சொல்லுங்கள். அதையே "நீ கெட்டுப்போய்விட்டாய்" என்று மாற்றிச் சொன்னால், அடுத்த முறை போனை எடுக்க மாட்டாள்.

கேள்வி: எனக்கு ஒழுக்கம் சொல்லி வளர்த்த அம்மா, வேலையில் லஞ்சம் வாங்கித்தான் என்னைப் படிக்க வைத்தார் என்று இப்போது தெரிகிறது. ஊரில் அவருக்கு நல்ல பெயர். என்னால் பேசவே முடியவில்லை.

பதில்: இங்கே நிலைமை தலைகீழ். மரியாதைக்கு ஒரு குறையும் இல்லை, ஆனால் காயப்பட்டவர்கள் இருக்கிறார்கள். மடித்த நோட்டைக் கைக்குள் வைத்துக்கொண்டு அந்த மேசை முன் நின்றவர்களை நினைத்தால் உங்கள் கோபம் நியாயம்தான். அம்மாவுக்கும் ஒரு காரணம் இருந்திருக்கும். பீஸ் கட்டக் கடைசி நாள் வந்திருக்கலாம், உதவ ஆள் இல்லாமல் இருந்திருக்கலாம். அதைக் கேட்டுக்கொள்ளுங்கள். கேட்டதால் தப்பு சரியாகிவிடாது, அதையும் அவரிடமே சொல்லலாம். கொஞ்ச நாள் விலகி இருக்கத் தோன்றினால், சொல்லிவிட்டு விலகுங்கள். ஒன்றும் சொல்லாமல் விலகினால் அவருக்கு அது தண்டனையாகத்தான் படும்.

கேள்வி: எனக்கு 19 வயது. அம்மா என் போனைத் திருட்டுத்தனமாகப் படிக்கிறார்.

பதில்: அது தவறு. "என்ன தெரிய வேண்டுமோ கேளுங்கள், முடிந்ததைச் சொல்கிறேன்" என்று நீங்களே முதலில் பேசிவிடுங்கள்.

கேள்வி: அம்மாவோடு எனக்கு மனத்தாங்கல். பெரியம்மாவை வைத்துச் சமாதானம் பேசலாமா?

பதில்: வேண்டாம். மூன்றாவது ஆள் முன்னால் அம்மா மானத்தைக் காப்பாற்றத்தான் பேசுவார். இருவரும் சேர்ந்து துணி மடிக்கும்போது ஆரம்பியுங்கள். கையில் வேலை இருந்தால் முகம் பார்க்க வேண்டியதில்லை, சொல்ல வராத வார்த்தையும் அப்போது வரும்.