கார்கள் பெருகியதால் உங்கள் ஊரில் அன்றாட வாழ்க்கை எப்படி மாறியிருக்கிறது?

எனக்கு வேலூர். இங்கே ஓடுகிற காரைவிட நிற்கிற கார்தான் பெரிய தொல்லை. ஒரு காரை நிறுத்த இரண்டரை மீட்டர் அகலமும் ஐந்து மீட்டர் நீளமும் வேண்டும். லாங்கு பஜார், மண்டித் தெரு, காந்தி ரோடு எல்லாம் அந்தக் காலத்துத் தெருக்கள், ஒரே ஒரு காரை ஓரங்கட்டினால் போதும், எதிரே வருகிற ஆட்டோ நின்றுவிடும், அதற்குப் பின்னால் வரிசையாக ஹாரன்.

இதில் அடி வாங்குவது நடந்து போகிறவர்கள். ஐடா ஸ்கடர் ரோட்டில் சிஎம்சி ஆஸ்பத்திரி எதிரே காலையில் கொஞ்ச நேரம் நின்று பாருங்கள். மேற்கு வங்கம், ஜார்க்கண்ட், ஆந்திரா என்று எங்கெங்கிருந்தோ வந்து, பக்கத்துச் சந்துகளில் லாட்ஜ் எடுத்துத் தங்கி, கையில் ஸ்கேன் கவரோடு நடந்தே ஆஸ்பத்திரிக்கு வருகிறவர்கள் அத்தனை பேர். ஓரம் முழுக்க வண்டிகள் நிற்பதால் சக்கர நாற்காலியைத் தள்ளி வருகிறவர் நடு ரோட்டுக்கு இறங்குகிறார். முன்சக்கரம் பள்ளத்தில் மாட்டிக்கொள்கிறது, பின்னால் ஒருவர் ஹாரனை விடாமல் அழுத்துகிறார், உட்கார்ந்திருக்கும் நோயாளி இரண்டு கையாலும் நாற்காலியை இறுக்கிப் பிடித்துக்கொள்கிறார். பார்க்கும்போதெல்லாம் வயிறு எரிகிறது. நோயாளிகளை நம்பித்தான் இந்த ஊரில் பாதிக் கடைகள் நடக்கின்றன!

அப்புறம் காட்பாடி. ரயிலைப் பிடிக்கப் பாலாற்றுப் பாலத்தைத் தாண்டியாக வேண்டும். லீவு நாளில் விஐடியில் படிக்கும் பிள்ளைகளைப் பார்க்க வருகிறவர்கள், ஸ்ரீபுரம் பொற்கோயிலுக்குப் போகிறவர்கள் எல்லாரும் சேர்ந்தால் கிரீன் சர்க்கிள் சந்திப்பே திணறிவிடும்.

ரோட்டை அகலப்படுத்தினால் சரியாகிவிடும் என்கிறார்கள். எனக்கு அந்த நம்பிக்கை இல்லை, ரோடு காலியாக இருந்தால் இதுவரை பஸ்ஸில் போனவரும் காரை எடுப்பார், கொஞ்ச நாளில் பழையபடி அடைத்துக்கொள்ளும், எத்தனையோ நகரங்களில் இதுதான் நடந்திருக்கிறது. ஸ்பெயினில் பொன்டெவேத்ரா என்கிற ஊரில் 1999 முதல் ஊர் நடுவில் கார்களைக் குறைத்து, தெருவை நடப்பவர்களுக்குத் திருப்பிக் கொடுத்தார்கள். அவ்வளவு தூரம் ஏன், சென்னை பாண்டி பஜாரில் 2019-ல் நடைபாதையைப் பெரிதாக்கினார்கள், இன்றும் அங்கே கூட்டத்துக்குக் குறைவில்லை.

கார் வாங்கியவர்களைக் குறை சொல்லவில்லை. வேலூர் வெயிலில் வயதான அம்மாவை டூவீலரில் கூட்டிப்போக யாருக்கு மனசு வரும்? எங்கள் வீட்டிலும் கார் இருக்கிறது. கோட்டையைச் சுற்றியும் ஆஸ்பத்திரிப் பக்கமும் ரோட்டோரம் நிறுத்துவதைத் தடுத்து, ஊருக்கு வெளியே காசு வாங்கிக்கொண்டு நிறுத்த இடம் கொடுத்து, அங்கிருந்து அடிக்கடி மினி பஸ் விட்டால் நானே முதலில் காரை வெளியே விட்டுவிட்டு வருவேன்.