முகம் திருப்பிய தந்தை – ஒரு கடிதமும் பதிலும்

அன்புள்ள எழுத்தாளருக்கு,

வணக்கம். நெட்ஃபிளிக்ஸில் வந்த 'அடோலசென்ஸ்' என்ற பிரிட்டிஷ் தொடரை நானும் கணவருமாகச் சென்ற வாரம் பார்த்து முடித்தோம். நான்காம் பகுதி முடிந்தபோது இருவருக்கும் பேச்சு வரவில்லை. ஆனால் இரண்டு நாள் கழித்து எனக்குக் கோபம்தான் வந்தது. பதின்மூன்று வயதுப் பையன் தன்னோடு படிக்கும் பெண்ணைக் கத்தியால் குத்திக் கொல்கிறான். அப்பா அடிப்பவர் இல்லை. அம்மா பாசமானவள். அக்காவைப் பற்றிக் குறை சொல்ல ஒன்றுமில்லை. பிறகு எங்கிருந்து வந்தது இது? அதைச் சொல்லாமலே தொடர் முடிந்துவிடுகிறது. பெற்றோருக்காக நம்மை அழவைத்து அனுப்பிவிடுகிறார்கள். செத்துப்போன கேட்டிக்கு என்று ஒரு காட்சிகூட இல்லை.

இதைக் கேட்க எனக்குச் சொந்தக் காரணமும் உண்டு. என் மகனுக்குப் பதினைந்து வயது. "எண்பது சதவீதப் பெண்கள் இருபது சதவீத ஆண்களைத்தான் பார்ப்பார்கள், உங்களுக்கு ஒன்றும் தெரியாது" என்கிறான். தங்கையிடம் பேசும் தொனியே மாறிவிட்டது. அவன் அப்பா பொறுமையாக எடுத்துச் சொன்னார், பிறகு சத்தம் போட்டார், கடைசியில் கைபேசியைப் பிடுங்கி வைத்தார். இப்போது அவன் எங்களிடம் பேசுவதே இல்லை. பிள்ளையை நேருக்கு நேர் எதிர்கொள்ள வேண்டும் என்கிறார்கள். எதிர்கொள்வது என்றால் என்ன செய்வது?

பெயரை வெளியிட வேண்டாம்.

ஒரு தாய்

*

அன்புள்ள சகோதரிக்கு,

கேட்டியைப் பற்றிய உங்கள் குறை நியாயமானது. இரண்டாம் பகுதியில் மிஷா ஃப்ராங்க் என்ற துப்பறியும் அதிகாரி இதையே சொல்லி ஆதங்கப்படுகிறார்: எல்லாரும் கொன்ற ஜேமியை நினைவில் வைத்திருப்பார்கள், கேட்டியை யாரும் நினைக்கப்போவதில்லை என்று. ஆக, குறை அவர்களுக்கே தெரிந்திருக்கிறது. தெரிந்தும் சரிசெய்யவில்லை. இருப்பது நான்கே பகுதிகள். அதில் ஒன்றைக் கேட்டியின் வீட்டுக்குக் கொடுத்திருக்கலாம் என்றுதான் நானும் நினைக்கிறேன்.

ஆனால் ஒன்று சொல்ல வேண்டும். உங்கள் கடிதத்திலும் உங்கள் மகளுக்கு ஒரு வரிதான் கிடைத்திருக்கிறது. அண்ணனின் தொனி மாறியதை நாள் முழுக்கத் தாங்கிக்கொண்டிருப்பவள் அவள். உங்கள் காதில் விழாத பேச்செல்லாம் அவள் காதில் விழுந்திருக்கும். மகனைப் பற்றி எதை முடிவுசெய்வதற்கு முன்பும் அவளைத் தனியாக உட்காரவைத்துக் கேளுங்கள். அவனுக்கு எதிராகச் சாட்சி சொல்லவைப்பதற்காக அல்ல. இந்த வீட்டில் அந்தப் பேச்சைப் பொறுத்துக்கொள்ள வேண்டிய கடமை அவளுக்கு இல்லை என்று உங்கள் வாயால் அவள் கேட்க வேண்டும்.

இனி தொடருக்கு வருகிறேன். காரணம் சொல்லப்படவில்லை என்பதை நான் ஏற்கமாட்டேன். சொல்லப்படுகிறது, ஒரே இடத்தில் சொல்லப்படவில்லை. மூன்றாம் பகுதியில் உளவியலாளர் பிரையனி அரிஸ்டன் கேட்கக் கேட்க ஜேமி ஒன்றைச் சொல்கிறான். கால்பந்து மைதானத்தில் அவன் சொதப்பும்போதெல்லாம் அப்பா வேறு பக்கம் பார்ப்பார். அவ்வளவுதான், பேச்சு வேறெங்கோ போய்விடுகிறது. நான்காம் பகுதியில், தன் ஐம்பதாவது பிறந்தநாளன்று, அதையே ஜேமியின் தந்தை எடி மனைவியிடம் சொல்கிறார். மற்ற அப்பாக்கள் தன் மகனைப் பார்த்துச் சிரித்தார்கள், தன்னால் அவன் முகத்தைப் பார்க்க முடியவில்லை என்று. ஒரே கணத்தை மகன் சொல்லியும் தந்தை சொல்லியும் தனித்தனியாகக் கேட்கிறோம். நடந்தது, கொலைக்குப் பிறகு ஏழாம் மாதத்தில் ஓர் அறையிலும் பதின்மூன்றாம் மாதத்தில் ஒரு படுக்கையறையிலுமாக வெளிவருகிறது. அவர்கள் இருவரும் ஒருவருக்கொருவர் அதைச் சொல்லிக்கொள்ளவே இல்லை.

எடியை அவருடைய அப்பா பெல்ட்டால் அடித்து வளர்த்தவர். என் பிள்ளைகளுக்கு நான் அப்படிச் செய்யமாட்டேன் என்று எடி உறுதி எடுத்துக்கொண்டார். காப்பாற்றவும் செய்தார். அந்த உறுதியை நான் சிறிதாக நினைக்கவில்லை. ஒரு தலைமுறைக் கொடுமையைத் தன் கையோடு நிறுத்திய மனிதர் அவர். ஆனால் அடிக்காத அப்பாவாக இருக்க வேண்டும் என்று தெரிந்தவருக்கு, ஆட்டத்தில் தோற்ற பையனின் முகத்தைப் பார்த்துக்கொண்டு நிற்கும் அப்பாவாக இருக்கத் தெரியவில்லை. ஆண்பிள்ளை என்றால் பந்து விளையாடுவான், குத்துச்சண்டை போடுவான் என்பதைத் தாண்டி அவரிடம் வேறொன்றும் இல்லை. தான் அவமானம் என்று அந்தப் பையன் கற்றுக்கொண்டது இணையத்தில் அல்ல, அந்த மைதானத்தின் ஓரத்தில்.

இணையம் அதன்பிறகு வருகிறது. பள்ளியிலிருந்து வந்ததும் நேராக மாடிக்குப் போய்க் கதவைச் சாத்திக்கொள்வான், நள்ளிரவு தாண்டியும் விளக்கு எரியும், கதவைத் தட்டினால் அணைத்துவிடுவான் என்கிறாள் ஜேமியின் தாய் மாண்டா. வெளியே சுற்றவில்லை, அறைக்குள் இருக்கிறான், அதனால் பத்திரமாக இருக்கிறான் என்று அந்தப் பெற்றோர் நம்பினார்கள். அந்த அறைக்குள் அவனுக்குக் கிடைத்தது ஒரு விளக்கம். நீ அழகில்லாதவன், உன்னை எந்தப் பெண்ணும் பார்க்கமாட்டாள், ஆனால் அது உன் குறையல்ல, பெண்கள் அப்படித்தான் படைக்கப்பட்டிருக்கிறார்கள் என்ற விளக்கம். உங்கள் மகன் சொல்லும் எண்பது–இருபது கணக்கு அதன் மூலவாய்ப்பாடு. அவமானத்தோடு இருப்பவனுக்கு அது எவ்வளவு ஆறுதல் என்று யோசித்துப்பாருங்கள். அதுவரை தன்னை மட்டுமே வெறுத்துக்கொண்டிருந்தவனுக்கு இப்போது வெறுக்க வேறு ஆள் கிடைத்துவிட்டது.

இப்படிப் பேசிப் பெண்களை வெறுக்கும் ஆண்களின் இணையக் கூட்டத்தை 'இன்செல்' என்பார்கள். ஜேமி அந்தக் கூட்டத்தின் உறுப்பினன்கூட இல்லை. அந்தப் பக்கங்களைப் பார்த்தேன், எனக்குப் பிடிக்கவில்லை, ஆனால் அந்தக் கணக்கு சரிதான் என்கிற மாதிரிதான் பிரையனியிடம் பேசுகிறான். தொடரில் என்னை மிகவும் பயமுறுத்தியது அதுதான். கொள்கையை முழுக்க விழுங்க வேண்டியதில்லை, ஒரு வாக்கியம் உள்ளே தங்கினால் போதும். கேட்டியின் அந்தரங்கப் படம் பள்ளி முழுக்கப் பரவிய நேரத்தில், இப்போது இவள் பலவீனமாக இருப்பாள், நம்மை ஏற்றுக்கொள்வாள் என்று கணக்குப் போட்டு அவளிடம் போனவன் அவன். அவள் மறுத்தாள். மற்றதெல்லாம் அதிலிருந்து வந்தது.

நான்காம் பகுதியில் ஒரு சின்னக் காட்சி உண்டு. பலர் அதைக் கவனிக்காமல் கடந்துவிடுகிறார்கள். வேனில் யாரோ கிறுக்கிவிட்டுப் போன வசவை மறைக்க எடி பெயின்ட் வாங்கப் போகிறார். கடையில் வேலை செய்யும் இளைஞன் அவரை அடையாளம் கண்டுகொள்கிறான். நான் உங்கள் மகன் பக்கம்தான் என்கிறான். வழக்கறிஞருக்குப் பொதுமக்களிடம் பணம் திரட்டலாம் என்று யோசனை சொல்கிறான். மரியாதையாக, அக்கறையாகத்தான் பேசுகிறான். பதின்மூன்று மாதமாக அந்தக் குடும்பத்துக்கு வெளியாள் ஒருவர் காட்டும் ஆதரவு அந்தக் கூட்டத்தின் பக்கமிருந்து வருகிறது. எடி அந்த ஆதரவை ஏற்றுக்கொள்ளாமல் வெளியேறுகிறார். ஜேமியின் அறைக்குள் வந்த குரலும் இப்படி அன்பாகத்தான் வந்திருக்கும் என்று அப்போதுதான் நமக்கு உறைக்கிறது. முதல் பகுதியில் காவல்நிலையத்தில் மகன் கேட்டியைக் குத்தும் காணொளியை எடி பார்க்கும் இடத்தைத்தான் எல்லாரும் எதிர்கொள்ளல் என்பார்கள். எனக்கு எடி தன் மகனைக் கெடுத்த சக்தியை நேருக்கு நேர் சந்திப்பது இந்தப் பெயின்ட் கடையில்தான்.

உங்கள் கேள்விக்கு வருகிறேன். வாதத்தில் ஜெயிக்க முயலாதீர்கள். உங்கள் கணவர் சொன்ன ஒவ்வொரு நியாயத்துக்கும் அவனிடம் தயாராக ஒரு பதில் இருந்திருக்கும். அந்தப் பக்கங்கள் அதைத்தான் சொல்லிக்கொடுக்கின்றன. "உன் பெற்றோர் இதை மறுப்பார்கள்" என்பதே அவர்கள் பாடத்தின் ஒரு பகுதி. நீங்கள் மறுத்ததும் பாடம் நிரூபணமாகிவிட்டது.

ஜெர்மனியில் 'எக்சிட்' என்ற அமைப்பு 2000ஆம் ஆண்டிலிருந்து நவநாஜிக் குழுக்களிலிருந்து வெளியேற விரும்புபவர்களுக்கு உதவிவருகிறது. அந்த அனுபவத்திலிருந்து பிறந்த 'ஹயாத்' என்ற ஆலோசனை மையம், ஜிகாதிக் குழுக்களுக்குள் இழுக்கப்பட்ட பிள்ளைகளின் குடும்பங்களுக்கு வழிகாட்டுகிறது. கொள்கை எதுவானாலும் அவர்கள் பெற்றோருக்குச் சொல்வதன் சாரம் ஒன்றுதான். கொள்கையைப் பற்றிச் சண்டை போடாதீர்கள், உறவை அறுத்துக்கொள்ளாதீர்கள். அந்தக் குழுவுக்கு வெளியே அவனுக்கு மிஞ்சியிருக்கும் கடைசிப் பிடிமானம் பெரும்பாலும் தாயோ தந்தையோதான். திரும்பி வர நினைக்கும் நாளில் அவன் பேசக்கூடிய ஓர் ஆளாக நீங்கள் இருக்க வேண்டும்.

இதற்காக அவன் சொல்வதற்கெல்லாம் தலையாட்டச் சொல்லவில்லை. தங்கையை இழிவாகப் பேசினால் அங்கேயே, அந்த நொடியே, நிறுத்துங்கள். அது வீட்டின் நடத்தை பற்றிய விதி, அதில் விவாதம் இல்லை. ஆனால் எண்பது–இருபது என்று அவன் சொல்லும்போது, அது பொய் என்று சொல்வதற்குப் பதிலாக, அந்தக் கணக்கில் நீ எந்தப் பக்கம் இருப்பதாக நினைக்கிறாய் என்று கேட்டுப்பாருங்கள். அவன் பதில் சொல்லாமல் போகலாம். ஆனால் உண்மையான கேள்வி அதுதான், அதை இதுவரை யாரும் அவனிடம் கேட்டிருக்க மாட்டார்கள். பள்ளியில் என்ன நடந்தது, யார் சிரித்தார்கள், எந்தப் பெண் என்ன சொன்னாள் என்பதெல்லாம் அதன் பின்னால் இருக்கிறது. அந்தப் பேச்சைத் தொடங்க வேண்டியவர் உங்கள் கணவர். நீங்கள் கேட்டால் அவன் கூச்சப்படுவான், அதோடு பெண்களைப் பற்றிய பேச்சை ஒரு பெண்ணிடம் அவன் இப்போது பேசமாட்டான்.

இந்தத் தொடரில் இன்னொரு தந்தையும் இருக்கிறார் என்பதை நீங்கள் கவனித்தீர்களா? விசாரணை அதிகாரி பாஸ்கோம்ப். தொடர் தொடங்குவதே அவர் மகன் ஆடம் அனுப்பிய குரல்செய்தியோடுதான். இன்று பள்ளிக்குப் போகவில்லை என்று கெஞ்சுகிறான். அப்பா அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. இரண்டாம் பகுதியில் அதே ஆடம் அப்பாவைத் தனியாக அழைத்து, கேட்டி இன்ஸ்டாகிராமில் ஜேமிக்குப் போட்ட எமோஜிகள் நட்பு அல்ல, கேலி என்று விளக்குகிறான். சிவப்பு மாத்திரை (பெண்களைப் பற்றிய 'உண்மை' தங்களுக்குத் தெரிந்துவிட்டது என்பதற்கு அந்தக் கூட்டம் வைத்திருக்கும் பெயர்) என்றால் என்ன, எண்பது–இருபது என்றால் என்ன என்று சொல்லிக்கொடுக்கிறான். அந்த அதிகாரி அங்கே தன் பதவியை ஒதுக்கிவைத்துவிட்டு மகனிடம் மாணவராக நிற்கிறார். அந்தப் பகுதியின் இறுதியில் மகனைக் கூட்டிக்கொண்டு சாப்பிடப் போகிறார். எடிக்குக் கிடைக்காமல் போன வாய்ப்பு பாஸ்கோம்புக்குக் கிடைக்கிறது, காரணம் அவர் கேட்டுக்கொண்டு நின்றார். உங்கள் மகனோடு இந்தத் தொடரைப் பார்ப்பதாக இருந்தால், அழுகைக்கான நான்காம் பகுதியை விட்டுவிட்டு இந்த இரண்டாம் பகுதியைப் பாருங்கள். அவர்கள் காட்டுவது சரியா, பள்ளியில் இப்படித்தான் பேசிக்கொள்கிறீர்களா என்று கேளுங்கள். தெரிந்தவனாக இருக்க அவனுக்கு ஓர் இடம் கிடைக்கட்டும். (பிரிட்டனில் எல்லா உயர்நிலைப் பள்ளிகளுக்கும் இதை இலவசமாகக் காட்ட 2025 மார்ச்சில் பிரதமர் ஸ்டார்மர் ஆதரவு தெரிவித்தார். நல்லதுதான். ஆனால் முப்பது பையன்கள் சேர்ந்து உட்கார்ந்திருக்கும் வகுப்பில் எவனும் தன் அவமானத்தைப் பற்றி வாய்திறக்கமாட்டான்.)

உறவை விடாதீர்கள் என்று சொன்னேன். அதற்கு எல்லை உண்டு, அதையும் சொல்லாமல் விடக்கூடாது. ஆக்ஸ்ஃபோர்டைச் சேர்ந்த ஒரு தம்பதியின் மகன் 2014இல் சிரியாவுக்குப் போய்விட்டான். அவனுக்கு 223 பவுண்டு அனுப்பியதற்காக 2019இல் லண்டன் நீதிமன்றம் அந்தப் பெற்றோரைப் பயங்கரவாதத்துக்கு நிதியளித்தவர்கள் என்று தீர்ப்பளித்தது, தண்டனை நிறுத்திவைக்கப்பட்டது. பிள்ளையைக் கைவிட முடியாத தாய்தந்தை சட்டத்தின் முன் அப்படி நிற்க நேர்ந்தது. 2021 ஆகஸ்டில் இங்கிலாந்தின் பிளிமத்தில் ஐந்து பேரைச் சுட்டுக்கொன்ற இளைஞன், உங்கள் மகன் சொல்லும் அதே கணக்கு புழங்கும் இணையப் பக்கங்களில் உலவியவன். அவன் முதலில் கொன்றது தன் தாயை. 2024 ஜூலை 29 அன்று சௌத்போர்ட்டில் நடன வகுப்பில் மூன்று சிறுமிகளைக் குத்திக் கொன்றவனுக்கு வயது 17. தீவிரவாதத் தடுப்புத் திட்டத்துக்கு மூன்று முறை பரிந்துரைக்கப்பட்டவன். குறிப்பிட்ட கொள்கை எதுவும் இல்லை என்று மூன்று முறையும் அவன் கோப்பு மூடப்பட்டது. அந்தக் கொலைகளுக்கு ஒரு வாரம் முன்பு அவன் தன் பழைய பள்ளிக்கு டாக்சியில் கிளம்பியபோது, அவனை ஏற்றிப்போக வேண்டாம் என்று ஓட்டுநரிடம் கெஞ்சித் தடுத்தவர் அவன் தந்தை. ஆனால் அவர் காவல்துறைக்குச் சொல்லவில்லை.

உங்கள் மகன் அந்த இடத்தில் இல்லை. நீங்கள் எழுதியிருப்பதை வைத்து அப்படித்தான் சொல்வேன், உங்களைப் பயமுறுத்துவது என் நோக்கம் அல்ல. ஆனால் ஒரு குறிப்பிட்ட பெண்ணின் பெயர் கோபத்தோடு திரும்பத் திரும்ப வந்தாலோ, ஆயுதத்தைப் பற்றிப் பேச்சு எழுந்தாலோ, முன்பு நடந்த கொலைகளைச் செய்தவர்களை அவன் வியந்து பேசினாலோ, வீட்டுக்குள் வைத்துச் சமாளிக்கலாம் என்று காத்திருக்காதீர்கள். அன்றே மனநல மருத்துவரிடம் போங்கள், பள்ளியிடம் சொல்லுங்கள், தேவைப்பட்டால் காவல்துறையிடமும் சொல்லுங்கள். அது மகனைக் காட்டிக்கொடுப்பது ஆகாது.

கைபேசியைத் திருப்பிக் கொடுத்துவிடலாம் என்பது என் அபிப்பிராயம். இரவு அதை அறைக்கு வெளியே வைக்க வேண்டும் என்ற ஒரே நிபந்தனையோடு, அதே நிபந்தனை உங்கள் இருவருக்கும் பொருந்தும் என்று சொல்லிக் கொடுங்கள். கொடுக்கும்போது அறிவுரை எதுவும் வேண்டாம். அவன் உங்களிடம் பேச ஆரம்பிக்கக் கொஞ்ச காலம் பிடிக்கும், அதுவரை உங்கள் கணவர் தினமும் அவனோடு இருபது நிமிடமாவது ஏதாவதொன்றைச் செய்யட்டும். அது அவனுக்கு நன்றாக வராத வேலையாக இருந்தால் இன்னும் நல்லது. அவன் தவறாகச் செய்யும்போது பக்கத்திலேயே இருக்கச் சொல்லுங்கள்.

என்ன நடந்தது என்று மீண்டும் எழுதுங்கள். வெளியிடமாட்டேன்.